செஞ்சி மலையடியில் லேவியராகமம்: தமிழ்த் திருமறையின் பலிச்சொற்கள் பற்றி ஒரு திறனாய்வு

லேவியராகமத்தின் முதல் ஏழு அதிகாரங்கள் நம் பிரசங்கபீடங்களில் அரிதாகவே எடுத்துரைக்கப்படுகின்றன. இறையியல் மாணவர் அவற்றைத் தேர்வுக்காக நெட்டுருச் செய்கின்றனர். குருத்துவ அபிஷேகம் பெற்றபின் மறந்துவிடுகின்றனர். எபிரெயருக்கு எழுதின நிருபத்தை விளக்கும் வேளையில் மட்டும் 'பழைய ஏற்பாட்டுப் பலிகள்' என்ற ஒரே தொகைப்பெயரால் அவை நினைவுகூரப்பட்டு, 'அவையெல்லாம் நிழல்' என்ற ஒரே வாக்கியத்தால் கடந்து செல்லப்படுகின்றன. ஆயினும் சிலுவையைக் குறித்து நாம் தமிழில் பேசும் பேச்சு முழுவதற்கும் அவ்வதிகாரங்களின் சொற்களே அடித்தளமாய் அமைந்துள்ளன. அடித்தளத்தில் ஒரு கல் சாய்ந்திருப்பின் மேலெழும் சுவரும் சாயும். ஆதலின், 1871-இல் வெளிவந்த ஐக்கிய மொழிபெயர்ப்பும், 1995-இல் வெளிவந்த பொதுமொழிபெயர்ப்பாகிய திருவிவிலியமும் இப்பலிகளுக்கு இட்ட பெயர்களை மதிப்பிடுவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இம்முயற்சிக்கு நம்மைத் தூண்டியது ஒரு கேள்வி. செஞ்சி வட்டாரத்துச் சிற்றூர்ச் சபையொன்றில், குழந்தை இயேசுவை எருசலேமுக்குக் கொண்டுசென்ற பகுதியை லூக்கா 2-ஆம் அதிகாரத்திலிருந்து விளக்கினோம். மரியாள் கொண்டுவந்த புறாக்களுள் ஒன்று 'பாவநிவாரண பலி' என்று லேவியராகமம் 12-ஆம் அதிகாரத்தைக் காட்டிச் சொன்னோம். ஆராதனை முடிந்தபின், கையில் பச்சிளங்குழந்தையுடன் நின்ற தாய் ஒருவர், "ஐயரே, பிள்ளை பெத்தது பாவமுங்களா?" என்று வினவினார். அன்று நாம் அளித்த விடை நமக்கே நிறைவளிக்கவில்லை. குறை நம் விடையில் மட்டுமன்று, நாம் வாசித்த சொல்லிலும் இருந்தது என்பதைப் பின்னரே உணர்ந்தோம்.

1. கேட்கும் செவிகள்

மொழிபெயர்ப்பை நூலகத்திலிருந்து மதிப்பிடுவது ஒரு முறை. அதனைக் கேட்கும் மக்களின் நடுவே நின்று மதிப்பிடுவது மற்றொரு முறை. இரண்டாவது முறைக்குச் செஞ்சியைப் போல் ஏற்ற இடம் வேறு அரிது. 2025-ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில், மராட்டியர் கோட்டைகள் பன்னிரண்டனுள் ஒன்றாக, தமிழ்நாட்டிலிருந்து ஒன்றேயாக, இக்கோட்டை உலகப் பாரம்பரியச் சின்னங்களின் பட்டியலில் இடம்பெற்றது. கோட்டையின் போர்க்கதையைப் பலரும் அறிவர். பலியைப் பற்றி இவ்வட்டாரம் கூறும் கதையை நம் ஆயர்களாவது அறிந்திருத்தல் வேண்டும்.

ராஜகிரி மலைமேல் கமலக்கண்ணியம்மன் கோயில் உள்ளது. இவ்வம்மனின் திருவிழாவோடு எருமைப்பலி நெடுங்காலமாகத் தொடர்புற்றிருந்தது. சற்றுத் தொலைவில் மேல்மலையனூர் அங்காளம்மன் கோயில், மயானக்கொள்ளைத் திருவிழாவால் தமிழகமெங்கும் புகழ்பெற்றது. ஆடும் கோழியும் நேர்ந்துகொண்டு அங்குச் செல்வோர் பலர். செஞ்சியை அடுத்த மேலச்சேரியின் திரௌபதியம்மன் கோயில், அவ்வழிபாட்டின் மூலத்தலங்களுள் ஒன்றாகக் கருதப்படுவது. அமெரிக்க ஆய்வாளர் ஆல்ஃப் ஹில்டபைடல் 1988-இலும் 1991-இலும் திரௌபதி வழிபாட்டைக் குறித்து வெளியிட்ட இரு பெருந்தொகுதிகளுள் முதலாவது, செஞ்சியின் பெயரைத் தன் தலைப்பிலேயே தாங்கியுள்ளது. பாரதப்போருக்கு முன் தன் உடலை உறுப்புறுப்பாய் அரிந்து களப்பலியாக ஈந்த அரவானின் கதை இவ்வூர்களில் கூத்தாக ஆடப்படுவது. ஏட்டில் மட்டும் உறங்குவதன்று.

இவற்றுக்கு நேர்மாறான சாட்சியும் இங்கேயே உண்டு. செஞ்சிக்கு அருகிலுள்ள திருநாதர்குன்றில் இருபத்துநான்கு தீர்த்தங்கரர்களின் உருவங்கள் பாறையில் செதுக்கப்பட்டுள்ளன. சந்திரநந்தி ஆசிரியர் ஐம்பத்தேழு நாள் உண்ணாநோன்பிருந்து உயிர்துறந்த செய்தியை அங்குள்ள பழங்கல்வெட்டு அறிவிக்கிறது. மேல்சித்தாமூரில் தமிழ்ச் சமணரின் மடம் இன்றும் விளங்குகிறது. ஓர் உயிரையும் வதைக்காமல் தன்னையே ஒடுக்கிக்கொள்வது வழிபாட்டின் உச்சம் என்பது அவர்கள் கொள்கை.

ஆக, இவ்வட்டாரத்துச் செவிகளுக்குப் பலி என்பது புதுச்சொல்லன்று. எல்லைத்தெய்வத்துக்கு வெட்டும் உதிரப்பலியையும், வெற்றிக்காகத் தன்னையே தரும் களப்பலியையும், கொலையை முற்றும் துறந்த நோன்பையும் அவை அறிந்துள்ளன. நாம் 'பலி' என்று வாசிக்குந்தோறும் இம்மூன்றும் அங்கே விழித்தெழுகின்றன. அவற்றை இகழ்வதற்காக இதனைக் கூறவில்லை. நம் சொல் வெற்றிடத்தில் விழுவதில்லை என்பதையே சுட்டுகின்றோம்.

2. ஒரு சொல்லின் சுருக்கம்

பலி என்ற சொல்லின் பழம்பொருள் கொலையன்று. தெய்வத்துக்கு இடும் சோறும் பலியே. இரப்போர்க்கு இடும் பிச்சையும் பலியே. சிவபெருமான் பலி ஏற்றுத் திரிவதாகத் திருமுறைகள் பாடும்போது குறிக்கப்படுவது பிச்சையே. உதிரம் சிந்தாத சிவாலயங்களிலும் பெருமாள் கோயில்களிலும் கொடிமரத்தருகே பலிபீடம் இருப்பதை நாம் அனைவரும் கண்டிருக்கின்றோம். அதன்மேல் வைக்கப்படுவது அன்னமே. இவ்விரிந்த பொருள் உயிரோடிருந்த காலத்தில் நம் முன்னோர் 'பலிபீடம்', 'போஜனபலி' என்று எழுதியது முற்றும் பிழையெனக் கூறுதல் தகாது.

இன்றோ நிலை வேறு. 'விபத்தில் மூவர் பலி' என்று நாளேடு எழுதுகிறது. 'பலிகடா' என்றால் பிறர் குற்றத்துக்காக அகப்பட்டுக்கொண்டவன் என்று பொருள். 1950-ஆம் ஆண்டு இயற்றப்பட்ட விலங்கு, பறவை பலித் தடைச்சட்டத்தை 2003-இல் கடுமையாய்ச் செயற்படுத்துமாறு மாநில அரசு ஆணையிட்டதும், மக்களின் எதிர்ப்புக்குப்பின் 2004-இல் அச்சட்டமே நீக்கப்பட்டதும் வாசகர் அறிந்தவை. அந்நாள்களில் நாடெங்கும் எழுந்த விவாதத்தில் பலி என்ற சொல் வெட்டுதலை மட்டுமே குறித்தது. சொல் அப்படியே இருக்க, அதன் பொருள் சுருங்கிவிட்டது. சுருங்கிய சொல்லைக்கொண்டு விரிந்த நூலை வாசிப்பதே நம் இடர்ப்பாடு.

3. ஐந்து பெயர்கள்

எபிரெய மூலத்தில் இவ்வனைத்துக்கும் பொதுப்பெயர் 'கொர்பான்' என்பது. 'நெருங்குதல்' என்னும் வினையடியிலிருந்து பிறந்த இப்பெயர், 'அருகில் கொண்டுவரப்படுவது' என்று பொருள்படும். இச்சொல்லை மாற்கு 7:11-இல் 'காணிக்கை' என விளக்கிய ஐக்கிய மொழிபெயர்ப்பு, லேவியராகமம் 1:2-இல் அதே சொல்லைப் 'பலி' என்று பெயர்த்துள்ளது. நூலின் வாயிற்படியிலேயே, கடவுளை நெருங்குதல் என்ற கருத்து மறைந்து வெட்டுதல் என்ற கருத்து நின்றுவிடுகிறது. பின்வரும் ஐந்து பெயர்களையும் இவ்வாயிலின் வழியாகவே தமிழ் வாசகர் காண்கிறார்.

முதலாவது, 'ஓலா'. 'மேலெழுதல்' என்பது இதன் வேர். ஐக்கிய மொழிபெயர்ப்பு இதனைச் 'சர்வாங்க தகனபலி' என்றது. திருவிவிலியம் 'எரிபலி' என்றது. முன்னது கம்பீரமான சொல். வழிபடுவோன் தனக்கென எதையும் பிடித்துவைப்பதில்லை என்ற உண்மையை நன்கு உணர்த்துவது. ஆயினும் தோல் ஆசாரியனுக்குரியது (லேவி. 7:8). மேலும், எரிந்து அழிவதைக் காட்டும் இச்சொல், புகையாய் மேலெழுந்து கடவுளிடம் சேர்வதைக் காட்டவில்லை. அரவான் கதையை அறிந்த செவிக்குச் 'சர்வாங்கம்' என்பது உறுப்புறுப்பாய் அரிதலையே நினைவூட்டக்கூடும். இக்குறை சிறிதே, விளக்கத்தால் நீக்கத்தக்கது.

இரண்டாவது, 'மின்ஹா'. மெல்லிய மாவும் எண்ணெயும் தூபவர்க்கமும் சேர்ந்த படையல். ஒரு கைப்பிடி பீடத்தில் எரிக்கப்பட, எஞ்சியது ஆசாரியரின் உணவாகும். இதில் கத்தியும் இல்லை, இரத்தமும் இல்லை. ஐக்கிய மொழிபெயர்ப்பு இதனைப் 'போஜனபலி' என்றது. எழுபதின்மர் பெயர்த்த கிரேக்க நூலே மின்ஹாவைப் பெரும்பாலும் பலியைக் குறிக்கும் சொல்லால் பெயர்த்திருப்பதால், பழி நம் முன்னோரை மட்டும் சார்ந்ததன்று. எனினும் விளைவைக் காணுங்கள். ஆதியாகமம் 4-ஆம் அதிகாரத்தில் காயீன் கொண்டுவந்ததும் ஆபேல் கொண்டுவந்ததும் மூலத்தில் மின்ஹாவே; அங்கு ஐக்கிய மொழிபெயர்ப்பு இரண்டையும் 'காணிக்கை' என்று சரியாகவே பெயர்த்தது. காயீனின் காணிக்கை இரத்தமில்லாததால் தள்ளப்பட்டது என்று நம்மில் எத்தனை பேர் பிரசங்கித்திருக்கின்றோம்! இரத்தமில்லாத மாவைக் கடவுள் தமக்கு மகா பரிசுத்தமானதாய் ஏற்றுக்கொண்டார் என்று லேவியராகமம் 2-ஆம் அதிகாரம் கூறும்போது அப்பிரசங்கம் நிற்பதெங்ஙனம்? இரு இடங்களிலும் ஒரே சொல்லை வாசித்திருந்தால் நாம் இடறியிருக்கமாட்டோம். திருவிவிலியம் 'உணவுப் படையல்' என்று பெயர்த்தது இவ்வகையில் தெளிவான முன்னேற்றம். செஞ்சியின் உழவர் பொங்கற்பானைக்கு முன் வாழையிலையில் இடுவதும் படையலே ஆதலின், சொல் நேராக உள்ளத்தில் சென்று படியும்.

மூன்றாவது, 'ஷெலாமிம்'. 'சமாதானபலி' என்பது பழைய பெயர். 'நல்லுறவுப் பலி' என்பது புதியது. இதன் தனித்தன்மை விருந்து. கொழுப்பு கர்த்தருக்கு, மார்க்கண்டமும் வலது முன்னந்தொடையும் ஆசாரியருக்கு, மற்றவை செலுத்தியவனுக்கும் அவன் வீட்டாருக்கும். நன்றிப்பலியின் இறைச்சி அன்றே உண்ணப்படவேண்டும், நேர்ச்சைக்குரியதாயின் மறுநாள்வரை வைக்கலாம் (லேவி. 7:15-18). பதுக்கி வைக்க இடமில்லை, பகிர்ந்தே ஆகவேண்டும். 'சமாதானம்' என்ற பெயர், பகைகொண்ட தெய்வத்தைத் தணித்தல் என்ற எண்ணத்தைத் தருகிறது. 'நல்லுறவு' அதனினும் நன்று. ஆனால் விருந்தின் மணம் இரண்டிலும் இல்லை. நேர்ந்துவிட்ட கிடாவை வெட்டிச் சுற்றமும் ஊரும் கூடி உண்ணும் வழக்கத்தைக் கண்டு வளர்ந்த சபையார், இவ்வதிகாரத்தை ஆயரைவிட விரைவில் விளங்கிக்கொள்வர். அவ்வறிவை நாம் வெட்கத்துக்குரியதாய் மூடிவைத்துவிட்டு, அப்பாலுள்ள உவமைகளைத் தேடி அலைகின்றோம்.

நான்காவது, 'ஹத்தாத்'. இங்கேதான் மிகப் பெரிய சிக்கல் உள்ளது. ஐக்கிய மொழிபெயர்ப்பின் 'பாவநிவாரண பலி'யும் திருவிவிலியத்தின் 'பாவம் போக்கும் பலி'யும் பொருளால் ஒன்றே. மூலச்சொல் பாவத்தைக் குறிக்கும் சொல்லோடு வடிவில் ஒத்திருப்பதால் இப்பெயர்கள் எழுந்தன. நான்காம் அதிகாரத்தில் அவை பொருந்தவும் செய்கின்றன. ஆனால் இதே பலியைப் பிள்ளைபெற்ற தாயும் (லேவி. 12), விரதத்தை நிறைவேற்றிய நசரேயனும் (எண். 6:14) செலுத்துகின்றனர். உயிரற்ற பலிபீடத்துக்காகவும் அது செலுத்தப்படுகிறது (யாத். 29:36). தாய் செய்த பாவம் எது? கல் செய்த பாவம் எது? யூத அறிஞர் ஜேக்கப் மில்க்ரோம், 1971-இல் எழுதிய கட்டுரையிலும் 1991-இல் வெளிவந்த விரிவுரையின் முதற்தொகுதியிலும், இது தூய்மையாக்கும் பலியென நிறுவினார். அவர் கருத்துப்படி இரத்தம் மனிதன்மேல் பூசப்படாமல் பீடத்தின்மேல் பூசப்படுவதன் காரணம், மக்களின் மாசு படிந்த திருத்தலம் கழுவப்படவேண்டும் என்பதே. அவர் கூற்று ஒவ்வொன்றையும் ஏற்கவேண்டுவதில்லை. மன்னிப்பு கிடைக்கும் என்று நான்காம் அதிகாரம் பலமுறை உறுதிகூறுவதால், மனிதனுக்கு அதில் பங்கில்லை எனல் மிகை. ஆயினும் தாயின் புறாவைத் 'தூய்மையாக்கும் பலி' என்று நாம் வாசித்திருந்தால், அச்சகோதரி அக்கேள்வியைக் கேட்டிருக்கமாட்டார்.

மற்றொன்றும் இங்கே நோக்கத்தக்கது. இப்பலிக்குக் காளையும் உண்டு, வெள்ளாடும் உண்டு, இயலாதவனுக்கு இரு புறாக்கள், அதற்கும் இயலாதவனுக்கு ஒரு எப்பாவில் பத்திலொரு பங்கு மாவு (லேவி. 5:11). ஏழையின் மாவு, இரத்தமின்றியே, பாவநிவிர்த்தி செய்கிறது. எபிரெயர் 9:22-இன் ஆசிரியர் இதனை அறிந்தே, எல்லாம் இரத்தத்தால் சுத்திகரிக்கப்படும் என்று கூறுமிடத்தில், ஏறத்தாழ என்னும் பொருள்படும் ஒரு சொல்லைச் சேர்த்துள்ளார். அச்சிறு சொல்லை நாம் பிரசங்கத்தில் விழுங்கிவிடுகின்றோம். அதனோடு ஏழைக்குத் திறந்திருந்த வாயிலையும் அடைத்துவிடுகின்றோம்.

ஐந்தாவது, 'ஆஷாம்'. 'குற்றநிவாரண பலி', 'குற்றப்பழி நீக்கும் பலி' என்னும் இரு பெயர்களும் இதன் உயிர்நிலையைத் தொடவில்லை. பிறர் பொருளை வஞ்சித்தவன் முதலில் அதனை முழுவதும் திரும்பக் கொடுத்து, ஐந்திலொரு பங்கைக் கூட்டித் தரவேண்டும், அதன்பின்னரே ஆட்டுக்கடாவுடன் வரலாம் (லேவி. 6:4-6). இதனை 'ஈடுசெய் பலி' என்றல் தகும். கூலியைக் குறைத்துக் கொடுத்தவனும் பங்காளியின் நிலத்தை எழுதிக்கொண்டவனும் காணிக்கைப்பையில் ஒரு தாளை இட்டு நிம்மதியாய் வீடு திரும்பும் ஞாயிற்றுக்கிழமைகளில், இவ்வதிகாரம் வாசிக்கப்படாதிருப்பது தற்செயலன்று. ஏசாயா 53:10-இல் தாசனின் உயிர் ஆஷாம் எனப்படுகிறது. அங்கும் 'ஈடு' என்ற பொருள் ஒலித்திருந்தால், சிலுவையும் நீதியும் நம் சபைகளில் இத்துணை தொலைவில் நின்றிரா.

4. ஒரு மறுப்பும் அதற்கு விடையும்

பல பெயர்களையும் 'பலி' என்ற ஒரே நூலில் கோத்ததால்தான் அவையனைத்தும் கிறிஸ்துவின் ஒரே பலியில் நிறைவுறுவதைத் தமிழர் எளிதில் கண்டனர் என்று சிலர் கூறலாம். இவ்வாதத்தில் வலிமை உண்டு. நம் கீர்த்தனைகளும் திருவிருந்து முறைமையும் அவ்வொருமையால் வளம்பெற்றவை. ஆயினும் பன்மையைக் காட்டாத ஒருமை வறுமையாகும். விருந்தும், படையலும், தூய்மையும், ஈடும் கிறிஸ்துவில் நிறைவுறுகின்றன என்று அறிவிப்பதற்கும், ஒரு வெட்டு நிறைவுறுகிறது என்று அறிவிப்பதற்கும் பெரும் வேறுபாடு உண்டு.

ரோமர் 3:25 இதற்குச் சான்று. அங்குள்ள கிரேக்கச் சொல், எபிரெயர் 9:5-இல் உடன்படிக்கைப் பெட்டியின் மூடியைக் குறிக்கிறது. ஐக்கிய மொழிபெயர்ப்பு எபிரெயரில் அதனைக் 'கிருபாசனம்' என்றும், ரோமரில் 'கிருபாதாரபலி' என்றும் பெயர்த்தது. மூலத்தில் இல்லாத 'பலி' ரோமரில் சேர்ந்துகொண்டது. திருவிவிலியத்தின் 'கழுவாய்' அச்சேர்க்கையைத் தவிர்த்தது. இச்சேர்க்கையின் விளைவு சிறிதன்று. சினங்கொண்ட தெய்வத்துக்கு எல்லையில் எருமை வெட்டப்பட்டதை முன்னோர் வழிக் கேட்டறிந்த ஒருவர், கடவுள் தம் சினம் தணியத் தம் மகனையே பலிகேட்டார் என்று பெரிய வெள்ளியன்று விளங்கிக்கொள்கிறார். பவுல் கூறுவதோ, கடவுளே முன்வந்து அவரை ஏற்படுத்தினார் என்பது. பலியைக் கேட்பவராகவன்று, அருளைக் கொடுப்பவராகவே கடவுள் அங்கே நிற்கிறார்.

இங்கு நம்மவரின் ஆய்வு ஒன்றையும் குறிப்பிடவேண்டும். சென்னைப் பேராயராயிருந்த ஹென்றி ஒயிட்ஹெட் 1916-இல் வெளியிட்ட தென்னிந்திய கிராம தெய்வங்களைப் பற்றிய நூல், இரத்தம் கலந்த சோறு எல்லைகளில் இறைக்கப்பட்டதையும், எருமைப்பலியில் ஒடுக்கப்பட்ட மக்களுக்கு விதிக்கப்பட்டிருந்த பணிகளையும் உற்றுநோக்கிப் பதிவு செய்தது. அந்நூலின் தொகுப்பு இன்றும் பயன்படுவது. தீர்ப்புகளோ பெரும்பாலும் வெளியிலிருந்து வழங்கப்பட்டவை. அவர் காணத் தவறிய ஒன்று உண்டு. நம் நாட்டில் இரத்தத்தைத் தொட்டவர் பிறப்பாலேயே தீண்டத்தகாதவரென ஒதுக்கப்பட்டனர். லேவியராகமத்திலோ, விலங்கை அறுப்பவன் வழிபட வந்தவனே (1:5). இரத்தத்தைக் கையிலேந்திப் பீடத்தில் தெளிப்பவன் ஆசாரியன். பாவநிவிர்த்தி நாளில் போக்காட்டைக் கொண்டுபோய் விட்டவன்கூடக் குளித்து, உடைதுவைத்து, பாளயத்துக்குள் திரும்பலாம் (16:26). தீட்டு நீரோடு போகிறது, பரம்பரையோடு ஒட்டுவதில்லை. பறையடித்தவர்களின் பிள்ளைகளால் பெருமளவு நிறைந்துள்ள நம் சபைகளில் இது நற்செய்தியாக அறிவிக்கப்படவேண்டிய ஒன்று. அதனை நாம் அறிவித்ததுண்டா?

நேர்மையுடன் மற்றொன்றையும் ஒப்புக்கொள்ளவேண்டும். பலியைக் கடவுளின் 'உணவு' என்று லேவியராகமமே சில இடங்களில் கூறுகிறது (3:11, 21:6). பழைய உலகின் மொழி அது. சங்கீதம் 50 அம்மொழியை நேரடியாகவே கேள்விக்குட்படுத்துகிறது. ஆகவே, 'அவர்கள் தெய்வம் உண்ணும், நம் தெய்வம் உண்ணாது' என்று எளிதாய் எல்லைக்கோடு கிழித்துவிடல் ஆகாது. திருமறை தன்னுள்ளேயே திருத்தம் பெற்று வளர்ந்த நூல். அவ்வளர்ச்சியை நம் அயலாரின் வழிபாட்டிலும் தேடிக்காணும் பணிவு நமக்கு வேண்டும். திருநாதர்குன்றின் கல்வெட்டு, உயிர்க்கொலையின்றித் தன்னை ஒப்புக்கொடுத்தல் என்ற எண்ணம் இம்மண்ணில் நமக்கு முன்னரே வேரூன்றியிருந்ததைக் காட்டுகிறது. ரோமர் 12:1-இன் 'ஜீவபலி'யை அக்குன்றின் அடியில் நின்று வாசிப்பது பயனுடையது. நோன்பு உடலை ஒடுக்கிக் கரைசேர்கிறது. பவுலோ வாழும் உடலையே சேவைக்குத் தருமாறு அழைக்கிறார். ஒப்புமையும் வேற்றுமையும் சேர்ந்தே நமக்குக் கற்பிக்கின்றன.

5. முடிவுரை

ஐக்கிய மொழிபெயர்ப்பின் பலிச்சொற்கள் ஓசையால் நிறைந்தவை. நூற்றாண்டுக்கு மேலாக நம் வேண்டுதல்களில் ஊறியவை. அவற்றைத் தூக்கியெறிய நாம் கோரவில்லை. மின்ஹாவிலும் ரோமர் 3:25-இலும் திருவிவிலியம் அவற்றைத் திருத்தியது நன்று. ஹத்தாத்திலும் ஆஷாமிலும் அதுவும் பழைய வழியிலேயே சென்றது குறையே. இனி வரும் திருத்தக்குழுக்கள் 'தூய்மையாக்கும் பலி', 'ஈடுசெய் பலி' என்பனவற்றை ஆராயட்டும். குழுக்களுக்காகக் காத்திராமல் ஆயர்கள் செய்யத்தக்கதும் உண்டு. அறுப்பின் பண்டிகையில் மின்ஹாவையும், திருவிருந்துக்கு ஆயத்தமாகும் வாரத்தில் ஆஷாமையும், சபை விருந்தில் ஷெலாமிமையும் எடுத்து விளக்கலாம். பிரசவத்துக்குப்பின் முதன்முறை ஆலயத்துக்கு வரும் தாயை, மன்னிப்பின் சொல்லாலன்றி நன்றியின் சொல்லால் வரவேற்கலாம்.

அச்சகோதரியை மீண்டும் கண்டபோது, "இல்லை அம்மா, பாவமில்லை. அந்தப் புறா, நீங்கள் திரும்பவும் ஆலயத்துக்குள் வருவதற்கான வழி" என்று கூறினோம். "அப்ப அதை அன்னிக்கே சொல்லியிருக்கலாமே, ஐயரே" என்றார். அவர் சொன்னது சரியே. கொர்பான் என்பது அருகில் வருதல். நாம் வாசிக்கும் சொல் மக்களை அருகில் கொண்டுவருகிறதா, வாசலிலேயே நிறுத்திவிடுகிறதா என்பதை ஒவ்வொரு ஞாயிறும் ஆராய்ந்துகொள்வது குருப்பணியின் கடன்.